பாகுக்குள் விழுந்த பருப்பு

கோவில்பட்டிக் கடலை மிட்டாய்க்கு 2020 ஏப்ரல் 30 அன்று புவிசார் குறியீடு கிடைத்தது. அதையொட்டி அதன் வரலாறாகச் சொல்லப்படுபவை பெரும்பாலும் இரண்டு வழியில் போகின்றன. பாட்டன் பூட்டன் காலம் முதல் வழிவழியாக வந்த பண்டம் என்பது ஒன்று. 1940களில் கோவில்பட்டியில் மளிகைக் கடை வைத்திருந்த பொன்னம்பல நாடார் தொடங்கிவைத்த தொழில் என்பது மற்றொன்று. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்பவர்களும் உண்டு. தலைமுறை தலைமுறையாக இருந்த பண்டத்தை ஒருவர் எப்படிப் புதிதாகத் தொடங்கியிருக்க முடியும் என்று கேட்டுப் பார்த்தால்தான் இரண்டுக்கும் நடுவே எவ்வளவு வரலாறு விடுபட்டிருக்கிறது என்பது தெரியும். இந்த முடிச்சை அவிழ்க்க மிட்டாயை இரண்டாகப் பிரிக்க வேண்டும். பருப்பின் வரலாறு வேறு, பாகின் வரலாறு வேறு. பருப்பு கப்பலேறி வந்தது. சாமானியரின் கைக்கு அது எட்டி அதிகம் போனால் நூற்றைம்பது ஆண்டுகள்தான் இருக்கும். பாகு இங்கேயே ஈராயிரம் ஆண்டுகளாகக் காய்ச்சப்படுவது. புதுப் பருப்பு பழைய பாகுக்குள் விழுந்த கதைதான் கடலை மிட்டாயின் கதை. அதில் நாம் பெருமைப்படவும் காப்பாற்றவும் வேண்டியது பாகின் பதமே தவிர, பருப்போ மண்ணோ தண்ணீரோ அல்ல என்பது என் வாதம்.

முதலில் பருப்பு. நிலக்கடலை தென்னமெரிக்கச் செடி. இன்றைய பொலிவியாவின் தென்பகுதியும் அர்ஜென்டினாவின் வடமேற்கும் சேரும் இடம் அதன் பிறப்பிடம் என்று தாவரவியலாளர்கள் கொள்கிறார்கள். கொலம்பஸுக்குப் பிந்தைய காலத்தில் போர்ச்சுகீசியக் கப்பல்களும் ஸ்பானியக் கப்பல்களும் அதை ஆப்பிரிக்காவுக்கும் ஆசியாவுக்கும் கொண்டுபோயின. ஆகவே அதற்கு முந்தைய தமிழ் நூல்களில் கடலை என்று வருமானால் அது கொண்டைக்கடலையாகத்தான் இருக்க முடியும். நூல்களை விட்டுவிட்டுச் சடங்குகளைப் பார்த்தாலும் இதே முடிவுக்குத்தான் வருவோம். கோயில் மடைப்பள்ளியும் திதி நாள் சமையலும் புதுப் பயிர்களை லேசில் உள்ளே விடுவதில்லை. மிளகாயை ஒதுக்கி மிளகிலேயே நிற்கிற மடைப்பள்ளிகள் இன்றும் உண்டு. பாகில் பிடிக்கும் பண்டங்களை அந்தக் கண்ணோடு வரிசைப்படுத்திப் பாருங்கள். கார்த்திகைக்குப் பொரி உருண்டை இருக்கிறது. எள்ளுருண்டைக்கு நைவேத்தியத்தில் இடம் இருக்கிறது. அதிரசத்துக்குத் தீபாவளியும் கல்யாணச் சீரும் இருக்கின்றன. கடலை மிட்டாய்க்கு ஒரு நாளும் இல்லை, ஒரு சாமியும் இல்லை. பழனிப் பஞ்சாமிர்தம், திருப்பதி லட்டு போலக் கோயிலைச் சார்ந்து குறியீடு வாங்கிய இனிப்பு அல்ல இது. காசு கொடுத்து வாங்கித் தின்பதற்கென்றே வந்த பண்டம். காலத்தால் பிந்தியது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டியதில்லை.

இதற்கு ஒரு மறுப்பு எழும். கல்யாண வீடுகளில் கூம்பு வடிவில் நிற்கிற பருப்புத் தேங்காயை நிலக்கடலையிலும் பிடிக்கிறார்களே, அது சடங்கு இல்லையா? சடங்குதான். ஆனால் அந்தக் கூட்டுக்குள் எதை அடைக்கிறார்கள் என்று பார்க்க வேண்டும். மனோகரத்தை அடைக்கிறார்கள், பொட்டுக்கடலையை அடைக்கிறார்கள், நிலக்கடலையை அடைக்கிறார்கள், வசதிப்பட்டவர்கள் முந்திரியை அடைக்கிறார்கள். முந்திரியும் பிரேசிலிலிருந்து வந்ததுதான். கூடு மாறவில்லை, வெல்லப் பாகு மாறவில்லை, உள்ளே போகும் பொருள் மட்டும் காலத்துக்கும் கைப்பணத்துக்கும் ஏற்ப மாறிக்கொண்டிருக்கிறது. சடங்கு ஏற்றுக்கொண்டது பாகை. பருப்பு அதன் துணையோடு உள்ளே வந்தது.

தமிழ்நாட்டில் நிலக்கடலை வயலுக்கு வந்த கதை தின்பண்டக் கதையே அல்ல. 19ஆம் நூற்றாண்டின் இரண்டாம் பாதியில் தென்னாற்காட்டுப் புன்செய்களில் அது பரவியதற்குக் காரணம் பிரான்சின் மார்செய் நகரத்து எண்ணெய் ஆலைகள். அங்கே சோப்புக்கும் சமையலுக்கும் எண்ணெய் வேண்டியிருந்தது. மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து போனது போதாமல் சோழமண்டலக் கரையிலிருந்தும் கடலையை இறக்கினார்கள். பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரி அதற்கு வாசலாக இருந்தது. மணிலாக்கொட்டை என்றும் மல்லாட்டை என்றும் அந்த வட்டாரத்தில் சொல்லப்படும் பயிர், உள்ளூர் நாக்குக்காக அல்லாமல் கப்பலுக்காகவே விதைக்கப்பட்டது. பிறகு பழைய விதை நலிந்து விளைச்சல் சரிந்து, வெளியிலிருந்து புது விதை கொண்டுவந்துதான் பயிர் மறுபடி தலையெடுத்தது. திண்டிவனத்து எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையம் குடியாத்தம் கொத்துக்கடலையிலிருந்து தேர்ந்தெடுத்து 1940இல் வெளியிட்ட டி.எம்.வி. 2 என்ற ரகம், நூற்றைந்து நாள் சுமாரில் அறுவடைக்கு வந்துவிடும் கொத்து ரகம். பருப்பு சிறியது, உருண்டு திரண்டது. வறுத்துத் தேய்த்தால் தோல் கழன்று இரண்டாக உடையும். மிட்டாய்க்கு வாகான இந்தப் பருப்பு மானாவாரி நிலங்களில் பரவிய காலமும், கோவில்பட்டியில் கடலை மிட்டாய் கடைத் தொழிலாக ஊன்றியதாகச் சொல்லப்படும் காலமும் ஒன்றாக இருப்பது கவனிக்கத் தக்கது. ஒன்றால்தான் மற்றொன்று நடந்தது என்று அடித்துச் சொல்ல நான் வரவில்லை. ஏற்றுமதிச் சரக்காக இருந்தது உள்ளூர்ச் சந்தையில் படிக்கணக்கில் மலிவாகக் கிடைக்க ஆரம்பித்த பிறகுதான் அதைத் தின்பண்டமாகப் பெருக்கும் எண்ணம் யாருக்கும் வந்திருக்க முடியும் என்பதை மட்டும் சொல்கிறேன்.

பாகின் கதைக்கு வந்தால் காலம் சட்டென்று பின்னுக்குப் போய்விடுகிறது. கரும்பை இந்த நாட்டுக்குக் கொண்டுவந்த பெருமையை அதியமானின் முன்னோருக்கு ஒளவையார் தருகிறார், புறநானூற்றில் இருக்கிறது. கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடிய பெரும்பாணாற்றுப்படையில், ஆலையில் கரும்பு நெரிபடும் சத்தமும் சாறு காய்ச்சும் புகையும் வருகின்றன. அதே நூலில் கூவியர் என்ற அப்ப வணிகர் பாகு சேர்த்துச் செய்த பண்டமும் பேசப்படுகிறது. சாற்றைக் கெட்டியாகக் காய்ச்சுவது ஒரு வித்தை. காய்ச்சிய கட்டியை மறுபடி கரைத்து வேறு பண்டத்துக்கு ஏற்ற பாகாக்குவது அதற்கு மேல் ஒரு வித்தை. இரண்டையும் தொழிலாகவே செய்தவர்கள் அன்றே இருந்தார்கள். அந்த இரண்டாவது வித்தைதான் நம் வீட்டு அடுப்புகளில் தங்கிப் பல கிளைகளாக விரிந்தது. சர்க்கரைப் பொங்கலுக்கு வெல்லம் கரைந்தால் போதும். அதிரசத்துக்குப் பாகைத் தண்ணீரில் விட்டால் திரண்டு, விரலுக்கு இளக்கமாக உருள வேண்டும். பொரி உருண்டைக்கு அதைவிட முற்ற வேண்டும். கமர்கட்டுக்கு இன்னும் முற்ற வேண்டும். ஒரே வெல்லம், ஒரே சட்டி, ஒரே அடுப்பு. எந்தக் கணத்தில் இறக்குகிறோம் என்பதில்தான் பண்டம் மாறுகிறது. நிலக்கடலை இங்கே வந்து சேர்ந்தபோது அதை மிட்டாயாக்க யாரும் புதிதாக எதையும் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை. பொரியையும் எள்ளையும் பிடித்த கை கடலையையும் பிடித்தது.

அந்தக் கணத்தைக் கிட்டே போய்ப் பார்ப்பது அவசியம். இந்த வாதத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது. வெல்லத்தைத் தட்டிக் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் கரைத்து வடிகட்டுகிறார்கள். மண்ணும் சக்கைத் தூசும் வடிகட்டியில் நின்றுவிடும். மறுபடி அடுப்பில் ஏற்றினால் முதலில் பெரிய பெரிய குமிழாகப் பொங்கும், தண்ணீர் போகிறது என்று அர்த்தம். பிறகு குமிழ் சிறுத்து, நெருங்கி, பாகு கரண்டியிலிருந்து சொட்டாமல் நூலாக இறங்கும். கம்பிப் பதம். இங்கே இறக்கினால் மிட்டாய் கையில் ஒட்டும், பல்லில் இழுக்கும். இன்னும் சில நிமிடம் கிண்டினால் நிறம் தேன் சாயலிலிருந்து செம்மைக்குத் திரும்பும், வாசனை மாறும். அப்போது ஒரு சொட்டைப் பச்சைத் தண்ணீரில் விட வேண்டும். கரையாமல் கல்லாக இறுகி, எடுத்துத் தட்டில் போட்டால் டங்கென்று சத்தம் கேட்க வேண்டும். ஒடித்தால் வளையாமல் பட்டென்று முறிய வேண்டும். வெப்பமானியில் இது ஏறத்தாழ 150 டிகிரி செல்சியஸ். தண்ணீர் கிட்டத்தட்ட முழுதும் போன நிலை அது. இதைத் தாண்ட இடமே இல்லை. வெல்லத்தில் வெறும் சர்க்கரை மட்டும் இல்லை. கரும்பிலிருந்து வந்த தாது உப்புகளும், குளுக்கோஸ், ஃபிரக்டோஸ் என்று சிதைந்த சர்க்கரைகளும் கலந்திருக்கின்றன. வெள்ளைச் சர்க்கரையைவிட அது சீக்கிரம் கருகும். கொஞ்சம் அசந்தால் கசப்பு ஏறிவிடும், அதற்குப் பரிகாரம் கிடையாது. பதம் வந்ததும் ஏலக்காயும் சுக்கும் சேர்த்து, வறுத்துத் தோல் போக்கிப் புடைத்த கடலையைக் கொட்டிப் பிரட்டி, மாவு தூவிய பலகையில் சாய்த்து, சூடு ஆறுவதற்குள் உருளையால் தேய்த்துக் கத்தியால் கோடு போட்டாக வேண்டும். ஆறிவிட்டால் துண்டாகாது, நொறுங்கும். கருகியதும் சொத்தையும் சுருங்கியதுமான பருப்பை முன்கூட்டியே பொறுக்கி எடுக்கும் வேலை இதற்கெல்லாம் முந்தியது. ஒரே ஒரு கெட்ட பருப்பு ஒரு துண்டையே காறலாக்கிவிடும். நிலக்கடலையில் பூஞ்சை நஞ்சு ஏறும் என்பதை அறிவியல் கண்டறிந்தது 1960க்குப் பிறகு. ஆனால் முகம் சுளிக்க வைக்கும் பருப்பை ஒதுக்கும் வழக்கம் அடுப்படியில் அதற்கு முன்பே இருந்தது.

இப்படி எல்லா வீட்டிலும் தெரிந்த வித்தை ஏன் கோவில்பட்டியின் பெயரில் நின்றது? 1876இல் மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு ரயில் ஓடியபோது கோவில்பட்டி அந்தப் பாதையில் ஒரு நிலையமானது. 1891இல் நூற்பாலை வந்தது. 1901இல் மானாவாரிப் பயிர்களுக்கான அரசு ஆராய்ச்சிப் பண்ணை வந்தது. 1920களில் சிவகாசியில் வேர்விட்ட தீப்பெட்டித் தொழில் கோவில்பட்டிக்கும் பரவியது. மழையை நம்பிப் பருத்தியும் கம்பும் விளைந்த கரிசல் சீமையின் நடுவே கூலி வாங்குகிற, ரயிலுக்குக் காத்திருக்கிற, சந்தைக்கு வந்து திரும்புகிற கூட்டம் ஒன்று உருவானது. காகிதத்தில் மடித்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு போகக்கூடிய, நாலு நாள் கெடாத, பசி தாங்குகிற பண்டம் அந்தக் கூட்டத்துக்குத் தேவைப்பட்டது. பால் பண்டம் அதற்கு ஆகாது, பொரி வயிற்றில் நிற்காது. வெல்லமும் கடலையும் மளிகைக் கடையிலேயே இருக்கும் சரக்கு. வடக்கே விருதுநகர் எண்ணெய்வித்துச் சந்தை. வடமேற்கே தேனிப் பக்கம் கரும்பு வெல்லம். தெற்கே பனைக் காட்டுக் கருப்பட்டி. மூன்றும் வந்து சேரும் முனை கோவில்பட்டி. ஊர்த் திருவிழாக்களில் கருப்பட்டிப் பாகில் கடலையைப் பிடித்து விற்ற வழக்கம் முன்பே இருந்தது என்றும், 1940களில் பொன்னம்பல நாடார் அதைக் கடையில் தினசரிச் சரக்காக்கினார் என்றும், கருப்பட்டியின் இடத்தைக் கரும்பு வெல்லம் பிடித்தது இந்த மாற்றத்தோடுதான் என்றும் ஊர் வழக்கு சொல்கிறது. இது நம்பத்தக்கது. கருப்பட்டி பதநீர் இறங்கும் சில மாதங்களின் சரக்கு. ஆண்டு முழுக்க ஒரே விலையில், ஒரே ருசியில் மிட்டாய் போட நினைக்கிற கடைக்காரர் கரும்பு வெல்லத்துக்குத்தான் போவார். ஆக, பொன்னம்பல நாடார் செய்தது கண்டுபிடிப்பு அல்ல; திருவிழாப் பண்டத்துக்குத் திருவிழாவைத் தேவையில்லாமல் ஆக்கினார். அதைச் சிறிய காரியம் என்று யாரும் நினைக்க வேண்டாம். வீட்டுக் கைமணத்தை நாள்தோறும் பிசகாமல் நூறு துண்டாக, ஆயிரம் துண்டாகப் போடுவது தனி உழைப்பு. மேலே இளஞ்சிவப்பும் பச்சையும் மஞ்சளுமாகத் தேங்காய்ப்பூ தூவி அதற்கொரு முகம் கொடுத்ததும் கடைத் தொழிலின் புத்திதான்.

இனி, கோவில்பட்டி மிட்டாயின் ருசிக்குச் சொல்லப்படும் வழக்கமான காரணங்களைப் பார்க்கலாம். கரிசல் மண்ணில் விளைந்த கடலை என்கிறார்கள், தாமிரபரணித் தண்ணீர் என்கிறார்கள். ஊர்மீதுள்ள பாசத்தில் சொல்லப்படும் இதை அலட்சியமாக ஒதுக்க எனக்கு மனமில்லை. ஆனாலும் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். நிலக்கடலைக்குப் பூ கருக்கொண்ட பின் விழுது மண்ணுக்குள் இறங்கித்தான் காய் பிடிக்கும். பொலபொலவென்ற செவலும் மணல் கலந்த மண்ணும்தான் அதற்கு ஏற்றவை. கரிசல் காய்ந்தால் இறுகும், பிடுங்கும்போது காய் மண்ணிலேயே அறுந்து நிற்கும். கரிசல் சீமைக்குள்ளும் மேற்கிலும் செவல் நிலங்கள் இருப்பதால் வட்டாரத்தில் கடலை விளைவது உண்மை. ஆனால் கரிசல்தான் ருசிக்குக் காரணம் என்று சொல்வதற்குப் பயிரின் இயல்பே இடம் கொடுக்கவில்லை. தண்ணீரின் நிலைமை இன்னும் மோசம். வெல்லம் கரைக்க விட்ட தண்ணீரில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் ஆவியாகப் போனால்தான் அந்தப் பதமே வரும். தண்ணீரின் உப்பு கொஞ்சம் மிஞ்சும் என்று வேண்டுமானால் வாதிடலாம். வெல்லத்தில் ஏற்கெனவே இருக்கும் உப்புகளுக்கு முன்னால் அது எம்மாத்திரம்?

அப்படியானால் புவிசார் குறியீடே பொய்யா என்று கேட்பார்கள். பொய் இல்லை. 1999ஆம் ஆண்டுச் சட்டத்தைப் படித்தவர்களுக்கு இந்தப் பயம் வராது. ஒரு பண்டத்தின் தரமோ, நற்பெயரோ, வேறு குணமோ அது வரும் இடத்தைச் சார்ந்திருந்தால் போதும் என்றுதான் சட்டம் சொல்கிறது. செய்பொருளாக இருந்தால், உற்பத்தி, பதப்படுத்தல், தயாரிப்பு ஆகியவற்றில் ஏதாவது ஒரு வேலை அந்த எல்லைக்குள் நடந்தால் போதும் என்றும் சொல்கிறது. ஆக மண்ணையும் ஆற்றையும் சாட்சிக்கு இழுக்க வேண்டிய கட்டாயமே இல்லை. எழுபது எண்பது ஆண்டுகளாகப் பாகு காய்ச்சிக் காய்ச்சி ஓர் ஊர் சம்பாதித்த பெயர் தன் காலில் தானே நிற்கும்.

லோனாவ்லாவின் சிக்கியைக் காட்டி மறுப்பவர்களும் உண்டு. அங்கேயும் வெல்லமும் கடலையும்தான், அங்கேயும் ரயில்தான். மும்பையிலிருந்து புனேக்குப் போகும் போர்காட் மலைப்பாதை 1863இல் திறந்தது. அந்த வழியில் போகிற பயணிகள் வாங்கிப் போனதால்தான் சிக்கிக்கு ஊர்ப்பெயர் ஒட்டியது. இது என் வாதத்துக்கு எதிரான சாட்சி அல்ல, ஆதரவான சாட்சி. வெல்லப் பாகு தெரிந்த தேசம் முழுவதும் நிலக்கடலை போய்ச் சேர்ந்தது, போன இடமெல்லாம் அது பாகுக்குள் விழுந்தது. யார் முதலில் என்ற சண்டைக்கு இதில் பொருளே இல்லை. வெல்லப் பாகு இல்லாத இடத்தில் பண்டம் எப்படி மாறியது என்பதையும் பார்க்கலாம். அமெரிக்காவில் இதே கடலையை வெள்ளைச் சர்க்கரையும் சோளப் பாகும் வெண்ணெயும் சேர்த்துக் காய்ச்சி, கடைசியில் சமையல் சோடா போட்டுப் பொங்க வைத்து ஊற்றுகிறார்கள். உள்ளே காற்று புகுந்து லேசாகப் பொரியும் மிட்டாய் அது. சர்க்கரை பூத்துப் போகாமல் இருக்க அவர்கள் சோளப் பாகைச் சேர்க்க வேண்டியிருக்கிறது. நம் வெல்லத்திலோ அந்த வேலையைச் செய்யும் சிதைந்த சர்க்கரை தானாகவே இருக்கிறது. அதே சர்க்கரைதான் மழைக்காலத்தில் ஈரத்தை இழுத்து மிட்டாயை நமுத்துப் போகவும் வைக்கிறது. நன்மையும் தொல்லையும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன.

இந்த இடத்தில் இன்றைய தொழிலைப் பற்றி ஒரு வார்த்தை. இப்போது பல கூடங்களில் வெல்லத்தோடு திரவக் குளுக்கோஸ் சேர்க்கிறார்கள். தேய்க்கவும் வெட்டவும் இயந்திரம் வந்துவிட்டது. குளுக்கோஸ் பாகைப் பூக்காமல் பிடிக்கும், பளபளப்பும் மொறுமொறுப்பும் கூடும், ஒவ்வொரு தடவையும் ஒரே மாதிரி வரும். கொதிக்கிற பாகுக்கு முன்னால் நாள் முழுக்க நின்று உருளை தள்ளுகிறவர்களின் தோளையும் கையையும் நினைத்தால் இயந்திரத்தை எதிர்க்க எனக்கு வாய் வரவில்லை. ஆனால் வெப்பமானி இருந்தால் பதம் பார்ப்பவர் எதற்கு என்ற கேள்விக்கு மட்டும் பதில் சொல்லியாக வேண்டும். வெப்பமானி நம்பகமாக வேலை செய்வது ஒவ்வொரு நாளும் ஒரே தன்மையில் வரும் சர்க்கரைக்கு. வெல்லம் அப்படி வருவதில்லை. கரும்பின் ரகம், வெட்டிய பருவம், ஆலையில் விட்ட சுண்ணாம்பு, சேமித்த மாதம், வெளுக்கப் போட்ட ரசாயனம் எல்லாமே அதன் நடத்தையை மாற்றும். ஒரு மூட்டை 148 டிகிரியில் முறியும், இன்னொன்று அதே சூட்டில் இழுக்கும், மூன்றாவது கருக ஆரம்பித்திருக்கும். தண்ணீர்க் கிண்ணமும் விரலும் காதும் அந்தந்த மூட்டையை அந்தந்த நாளில் சோதிக்கின்றன. குளுக்கோஸ் சேர்க்கச் சேர்க்க இந்தச் சோதனைக்குத் தேவை குறைகிறது. தேவை குறைந்தால் கற்றுக்கொள்பவர்களும் குறைவார்கள். அப்படியே வெல்லத்தின் பங்கும் குறைந்துகொண்டே போனால் பெயர்ப் பலகையில் கோவில்பட்டி இருக்கும், சட்டியில் வேறொன்று இருக்கும்.

புவிசார் குறியீட்டின் பதிவு பத்தாண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டியது. 2014இல் விண்ணப்பம் போட்டு, ஆறாண்டு காத்திருந்து இதை வாங்கிய உற்பத்தியாளர்களின் உழைப்பு மதிக்கத் தக்கது. அடுத்த கட்டமாக அவர்கள் செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. ஊரில் இன்றும் சட்டிக்கு முன்னால் நிற்கிற பாகு காய்ச்சுபவர்களையும், கூடத்தின் பின்கட்டில் கடலை பொறுக்கிப் புடைக்கும் பெண்களையும் உட்காரவைத்து, எந்த வெல்லம் எப்படி நடக்கும், எந்தச் சத்தத்தில் இறக்க வேண்டும், மழை நாளில் பதத்தை எவ்வளவு கூட்டிப் பிடிக்க வேண்டும், எந்தப் பருப்பை ஒதுக்க வேண்டும் என்பதை அவர்கள் சொல்லில், அவர்கள் பெயர் போட்டுப் பதிய வேண்டும். வீட்டு அடுப்பில் அரைக்கிலோ கடலைக்குப் பாகு வைக்கிறவர்களுக்கும் அந்தப் பதிவு பயன்படும். இந்தத் தொழிலுக்கு வித்தையைக் கொடுத்ததே அந்த அடுப்புதான். வெல்லத்தின் பங்கு இவ்வளவுக்குக் கீழே போகக் கூடாது என்ற வரம்பையும் உற்பத்தியாளர்கள் தங்களுக்குள் பேசி அப்போதே எழுதிக்கொள்ளலாம்.